வெறும் துணைப் பயிற்சியாளர் – ஒரு கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நீங்கள் எழுதிய பிறகுதான் மால்டாவின் கால்பந்து வீரர் கார்மெல் புசுட்டில் பெயரையே கேள்விப்பட்டேன். 111 சர்வதேச ஆட்டங்கள், 23 கோல்கள். ஆனால் தோற்றுக்கொண்டே இருந்த அணி. ஓய்வுக்குப் பிறகும் வெறும் துணைப் பயிற்சியாளர், வெறும் சிறுவர் பயிற்சி. நாடு மாறிப் பிறந்து வீணாய்ப்போன திறமை என்று தோன்றியது. நல்ல ஆட்டக்காரர்கள் ஏன் நல்ல பயிற்சியாளர்கள் ஆவதில்லை? ஸ்பெயினிடம் 12-1 என்று தோற்ற ஆட்டம் விலைபோனது என்கிறார்களே, உண்மையா?

எம்.

அன்புள்ள எம்.,

இரண்டு வாரமாக மால்டா நினைப்பாகவே இருந்தேன், உங்கள் கடிதம் வந்து சேர்ந்தது.

12-1 வதந்தியை விடுங்கள். ஒரே ஒரு ராத்திரியை வைத்து ஒரு நாட்டை நாற்பது வருடமாக அளந்துகொண்டிருக்கிறோம். அதே 1983இல், மே மாதம், மால்டாவின் தாகாலி மைதானத்தில் ஸ்பெயின் 3-2 என்று தப்பித்துப் போனது யாருக்கு நினைவிருக்கிறது? மால்டாவின் இரண்டு கோலையும் போட்டவர் புசுட்டில். அப்போது வயது 19. ஒரு கட்டத்தில் மால்டா 2-1 என்று முன்னால் நின்றது. டிசம்பரில் செவில்லாவில், ஐரோப்பியக் கோப்பைக்குத் தகுதிபெற, ஸ்பெயினுக்கு 11 கோல் வித்தியாசம் தேவைப்பட்டதே, அந்தக் கடனில் இந்தப் பையன் போட்ட இரண்டு கோலும் சேர்த்திதான்.

'வீணாய்ப்போன' என்று எப்படி எழுத மனம் வந்தது? மால்டாவில் ஆடிய ரபாத் அஜாக்ஸ் கிளப்புக்கு அடுத்தடுத்து இரண்டு லீக் பட்டம். ஒரு வருடம் இத்தாலியில் வெர்பானியா. 1988இல் பெல்ஜியத்தின் கெங்க். நிலக்கரிச் சுரங்கங்கள் மூடிக்கொண்டிருந்த ஊர். இரண்டு பழைய கிளப்புகளை இணைத்து அந்த வருடம்தான் புதிதாக ஓர் அணி உருவாகியிருந்தது. முதல் பருவத்திலேயே கடைசி இடம், இரண்டாம் டிவிஷனுக்கு இறக்கம். அவர் மூட்டை கட்டவில்லை. அடுத்த பருவத்தில் அணி மேலே ஏறி வந்தது. 1994 வரை அங்கேயே இருந்தார். பிறகு ஊர் திரும்பி ஸ்லீமா வாண்டரர்ஸ், 37 வயது வரை. மால்டாவில் அவரை 'பூஸு' என்றால்தான் தெரியும்.

இப்போது அந்த 'வெறும்'. உங்கள் கடிதத்தில் இரண்டு முறை வருகிறது, எண்ணிவிட்டேன். 2006 அக்டோபரில் மால்டா ஹங்கேரியை 2-1 என்று வென்றது. நட்பு ஆட்டம் அல்லாத ஓர் ஆட்டத்தில் 13 வருடம் கழித்துக் கிடைத்த வெற்றி அது. பயிற்சியாளர் செக் நாட்டின் துஷான் ஃபிட்செல். அவருக்குத் துணையாக இருந்தவரைத்தான் நீங்கள் 'வெறும்' என்கிறீர்கள். எதிராளி மூன்று கோல் போட்ட பிறகும் பந்துக்காக ஓடுவது எப்படி என்று அந்தப் பையன்களுக்குச் சொல்ல வேறு யாருக்கு அருகதை இருந்தது? 19 வருடம் அதைச் செய்து காட்டியவர் அவர்.

சிறுவர் பயிற்சியையும் அந்தச் சொல்லால் தொடாதீர்கள். ஒரு ஞாயிறு காலை தாகாலிப் பக்கம் சின்ன மைதானம் ஒன்றின் கம்பிவேலியோரம் நின்றிருந்தேன். ஆறேழு வயதுக் குழந்தைகள். ஒருவனின் ஷூ கயிறு அவிழ்ந்துவிட்டது. நரைத்த தாடிப் பயிற்சியாளர் ஈர மண்ணில் மண்டியிட்டார். அவசரப்படவில்லை. கயிற்றை முழுக்க உருவி மறுபடி கோத்து, முடிச்சு பந்தில் படாமல் பாதத்தின் வெளிப்பக்கம் வரும்படி கட்டினார். அடுத்த ஷூவையும் அவிழ்த்து அதேபோல் கட்டினார். பிறகு முதுகில் தட்டி, 'எய்யா' என்றார். 'வா, போகலாம்' என்று அர்த்தமாம். என் காதில் 'ஐயா' என்றே விழுந்தது, கண் கலங்கிவிட்டது. பையன் ஓடிப்போய் பந்தை உதைத்தான். கால் காற்றில்தான் போனது. அவர் முழங்கால் மண்ணைத் தட்டாமலே கைதட்டிக்கொண்டு நின்றார். அவர் யாரென்று நான் கேட்டுக்கொள்ளவில்லை.

நல்ல ஆட்டக்காரர்கள், நல்ல பயிற்சியாளர்கள் என்று ஏதோ கேட்டிருந்தீர்கள். அதை இன்னொரு நாள் எழுதுகிறேன்.