செரோக்கி மக்களின் வரலாற்றை ஆராய எங்கிருந்து தொடங்கலாம்?

அவர்களே எழுதிவைத்ததிலிருந்து தொடங்குங்கள். அமெரிக்கப் பழங்குடிகள் என்றாலே பாதிரியார்களும் ராணுவ அதிகாரிகளும் எழுதிய குறிப்புகளைத்தான் நம்ப வேண்டும் என்ற எண்ணம் பலருக்கு உண்டு. செரோக்கிகள் விஷயத்தில் அப்படி இல்லை. ஆங்கிலம் படிக்கத் தெரியாத செக்கோயா என்பவர் 1821 வாக்கில் தம் மொழிக்கு எழுத்துமுறை செய்து முடித்தார். சில வருடங்களிலேயே ஊரெல்லாம் எழுதப் பழகிவிட்டார்கள். 1828இல் ஜார்ஜியாவில் அவர்களின் அன்றைய தலைநகரான நியூ எச்சோட்டாவிலிருந்து, செரோக்கியிலும் ஆங்கிலத்திலுமாக 'செரோக்கி பீனிக்ஸ்' பத்திரிகை வெளிவந்தது. அதன் பழைய இதழ்கள் இணையத்தில் கிடைக்கின்றன. ஆங்கிலப் பகுதியைப் படித்தாலே, நிலத்தைப் பறிக்க வந்தவர்களோடு அவர்கள் எப்படி வாதாடினார்கள் என்று தெரியும். 1835இல் ஜார்ஜியா காவல்படை அச்சகத்தைப் பறிமுதல் செய்தது. 1838இல் அமெரிக்க ராணுவம் மக்களையே கிளப்பி ஓக்லஹோமா பக்கம் துரத்தியது. வழியில் சுமார் 4,000 பேர் இறந்ததாகக் கணக்கு.

நான் அட்லாண்டாவில் இருப்பதால் நியூ எச்சோட்டாவைப் பார்த்திருக்கிறேன். அந்த அச்சகத்தைத் திரும்பக் கட்டி வைத்திருக்கிறார்கள். 1950களில் அங்கே தோண்டியபோது, மண்ணுக்குள்ளிருந்து செரோக்கி ஈய அச்செழுத்துகளே கிடைத்தன.

அடுத்தது வைத்தியர்களின் நோட்டுகள். வட கரோலினா மலைகளில் தங்கிவிட்ட செரோக்கிகளில் ஸ்விம்மர் என்றொரு வைத்தியர் இருந்தார். நோய்க்கு, வேட்டைக்கு, காதலுக்கு, பந்தாட்டத்தில் ஜெயிக்க என்று தனித்தனி மந்திரங்களைச் செரோக்கி எழுத்தில் ஒரு நோட்டில் எழுதிவைத்திருந்தார். 1880களின் கடைசியில் ஜேம்ஸ் மூனி என்ற ஆய்வாளர் அதை வாங்கி, அரசு வெளியீடாக அச்சிட்டார். எனக்கு இதில் இரண்டு மனசு. அந்த நோட்டு பத்திரமாக இருப்பது அவரால்தான். சரி, ஆனால் வைத்தியர்கள் ரகசியமாகக் காத்ததை யார் வேண்டுமானாலும் புரட்டலாம் என்றும் ஆகிவிட்டது. உங்கள் கையில் அப்படி ஏதாவது சிக்கினால் நேராக இணையத்தில் ஏற்றாதீர்கள். முதலில் அந்த மக்களிடம் கேளுங்கள். ஓக்லஹோமாவின் தலெக்குவாவில் 'செரோக்கி தேசம்' என்ற அவர்களது சொந்த அரசுக்கும், வட கரோலினாவில் கிழக்குப் பிரிவினருக்கும் சொந்த அருங்காட்சியகங்கள் உண்டு.

கடைசியாக, 'என் பாட்டி செரோக்கியாம்' என்று தேடுபவர்களுக்கு: மரபணுச் சோதனைக்குக் காசைக் கொட்டாதீர்கள், அது எந்தப் பழங்குடி என்று சொல்லாது. செரோக்கி தேசத்தில் குடியுரிமைக்குப் பார்ப்பது டாஸ் பட்டியலைத்தான். செரோக்கிகளின் நிலத்தைத் தனித்தனியாகப் பங்கிட அமெரிக்க அரசு 1898 முதல் எடுத்த கணக்கு அது. செரோக்கிகளிடம் அடிமைகளாக இருந்த கறுப்பினத்தவரை அதில் தனியாகப் பிரித்து எழுதினார்கள். அவர்கள் வாரிசுகளின் குடியுரிமை 2017இல்தான் நீதிமன்றத்தில் உறுதியானது. பட்டியல் அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கிறது, அங்கேயே பெயரைத் தேடுங்கள்.