நாயகனாக நடிக்காமலே உங்கள் மனதில் நின்றுவிட்ட ஆங்கில நடிகர் யார்?

பீட் பாஸில்த்வெயிட். பெயரைச் சொன்னால் நம்மில் பலருக்குத் தெரியாது, முகத்தைக் காட்டினால் 'அட, இவரா!' என்பார்கள். 'இன்செப்ஷன்' படத்தில் படுக்கையில் கிடக்கும் கோடீஸ்வர அப்பா, 'லாஸ்ட் வேர்ல்டு' படத்தில் டைனோசரைச் சுட வரும் மொட்டைத்தலை வேட்டைக்காரர், இரண்டும் இவர்தான். ஒட்டிய கன்னம், துருத்திய எலும்பு, அந்த முகத்தை எந்த மேக்கப்பாலும் மறைக்க முடியாது, இவரும் மறைக்கப் பார்க்கவில்லை.

1946இல் இங்கிலாந்தின் வாரிங்டனில் பிறந்தவர். முதலில் ஆசிரியர் வேலை, அப்புறம் பிரிஸ்டலில் நடிப்புப் பயிற்சி, அதன்பின் லிவர்பூல் எவ்ரிமேன் நாடகக் குழு. பின்னாளில் புகழ்பெற்ற ஜூலி வால்டர்ஸ், பில் நை எல்லாம் அங்கே இவரோடு நடித்தவர்கள்தான். இந்த வாயில் நுழையாத பெயரை மாற்றிக்கொள் என்று சொல்லிப் பார்த்திருக்கிறார்கள், மனிதர் அசையவில்லை.

உலகம் இவரைக் கவனித்தபோது வயது 47. 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' (1993) படத்தில் கைதான மகனுக்கு உதவ பெல்ஃபாஸ்ட்டிலிருந்து லண்டன் வந்து, செய்யாத குற்றத்துக்குத் தானும் சிறைக்குப் போகும் ஜுசெப்பே கான்லன். உண்மையில் வாழ்ந்தவர், 1980இல் கைதியாகவே இறந்துபோனார். மகனாக நடித்த டேனியல் டே லூயிஸுக்கும் இவருக்கும் 11 வயதுதான் வித்தியாசம் என்று பின்னால்தான் எனக்குத் தெரிந்தது, படம் பார்க்கும்போது ஒரு நொடிகூட அந்தச் சந்தேகம் வரவில்லை. மகன் கத்துவான், எகிறுவான், இவர் குரலை உயர்த்தாமல் உட்கார்ந்திருப்பார், நம் கண் இவரை விட்டு நகராது. ஆஸ்கருக்குப் பரிந்துரைத்தார்கள், பரிசு டாமி லீ ஜோன்ஸுக்குப் போய்விட்டது. எனக்கு இன்னும் ஆறவில்லை.

'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' பார்க்காதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிவிடுங்கள். அதில் இவர் பெயர் கோபயாஷி. பெயர் ஜப்பான், முகம் இங்கிலாந்து, பேச்சோ நம் பக்கத்து வாடை அடிக்கும். முதல் தடவை 'என்னய்யா இது' என்று சிரித்தேன். கடைசியில் பார்த்தால் அந்தப் பெயரே, கதை சொல்கிற ஆள் ஒரு காபி கோப்பையின் அடியிலிருந்து எடுத்துவிட்டது! பொருந்தாத அந்தக் கலவைதான் துப்பே, கண்ணெதிரில் வைத்துக்கொண்டு கோட்டை விட்டிருக்கிறேன்.

ஸ்பீல்பெர்க் இவரை உலகின் மிகச் சிறந்த நடிகர் என்று சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. அதற்கு இவர், 'தன்னை உலகின் சிறந்த நடிகன்னு பீட் நினைச்சுக்கிறான், அதுதான் பிரச்சினை' என்றுதான் ஸ்பீல்பெர்க் சொல்லியிருப்பார் என்று கிண்டலடித்துவிட்டார். ஹாலிவுட் கூப்பிட்டபோது போனார், ஆனால் நாடகத்தை விடவில்லை. 2008இல் அதே எவ்ரிமேன் மேடைக்குத் திரும்பி ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நடித்தார். 2011 ஜனவரியில் புற்றுநோயால் இறந்தார், 64 வயது.

ஒரே ஒரு படம்தான் பார்ப்பேன் என்றால் 'பிராஸ்டு ஆஃப்' (1996) பாருங்கள். மூடப்போகும் நிலக்கரிச் சுரங்கம், அதன் தொழிலாளர்கள் வாசிக்கும் பேண்டு வாத்தியக் குழு, நுரையீரல் முழுக்கக் கரித்தூளோடு அதை நடத்தும் டேனி இவர். இசையைத் தவிர வேறெதுவும் முக்கியமில்லை என்று படம் முழுக்கப் பிடிவாதம் பிடித்தவர், கடைசியில் ஆல்பர்ட் ஹால் மேடையில் நின்று, இசை முக்கியம்னு நினைச்சேன், மனுஷங்களுக்கு முன்னாடி அது ஒண்ணுமே இல்லை என்று தடுமாறிச் சொல்லும்போது, மூன்றாவது தடவை பார்த்தும் தொண்டை அடைத்தது.