சனிக்கிழமை வர முடியுமா? – வாசகர் கேள்வி, அக்கா பதில்

டாலஸ் பக்கத்தில் ஒரு தர்ம நிறுவனத்தின் பழைய பொருள் கடையில் பன்னிரண்டு வருடம் வேலை பார்த்தவள் நான் என்று போன இதழில் போகிற போக்கில் எழுதிவிட்டேன். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்தக் கடையைப் பற்றித்தான். மாமியார் கேள்விகள் அடுத்த மாதம்.

கேள்வி: அக்கா, நான் எம்.காம். திருப்பூரில் ஒரு பனியன் ஏற்றுமதி கம்பெனியில் இரண்டு வருடம் கணக்கு பார்த்தேன். கல்யாணம் ஆகி இங்கே வந்து எட்டு வருடம் ஆகிறது. கணவர் வேலை விசாவில் இருப்பதால் குடும்பத்துக்குத் தரும் எச்-4 விசா. போன மாதம்தான் வேலை அனுமதி அட்டை வந்தது. குழந்தைகள் இரண்டு பேரும் இப்போது பள்ளிக்கூடம் போகிறார்கள். வீட்டிலிருந்து நடக்கிற தூரத்தில் குட்வில் என்ற பழைய பொருள் கடை இருக்கிறது, வாசலில் ‘ஆட்கள் தேவை’ பலகையும் இருக்கிறது. எப்படி விண்ணப்பிப்பது? எட்டு வருட இடைவெளியை என்ன சொல்லிச் சமாளிப்பது? என் நாத்தனார், “எம்.காம். படிச்சுட்டுப் பழைய துணி மடிக்கப் போறியா?” என்கிறார்.
– வாசகி, இர்விங், டெக்சாஸ்

பதில்: நாத்தனாரைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம். முதலில் எனக்கு வேலை கிடைக்காமல் போன கதையைக் கேளுங்கள்.

2011-இல் நான் ஏறிய முதல் கடை. ராஜபாளையத்தில் டீச்சர் வேலைக்கு இன்டர்வியூ போவது போலவே கிளம்பிப் போனேன். கையில் ஃபைல். அதில் பி.எஸ்சி. பட்டம், பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், நன்னடத்தைச் சான்றிதழ், எல்லாவற்றுக்கும் கெஜட்டட் ஆபீசர் கையெழுத்து போட்ட ஜெராக்ஸ். அந்த மேனேஜர் ஃபைலைத் தொடக்கூட இல்லை. ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “சனிக்கிழமை வர முடியுமா?” அது புரட்டாசி மாதம். “சனிக்கிழமை மட்டும் முடியாது, விரதம், கோயிலுக்குப் போகணும்” என்றேன். சிரித்தார், நன்றி சொன்னார், போனில் கூப்பிடுவதாகச் சொன்னார். இன்னும் கூப்பிடவில்லை.

பழைய பொருள் கடைக்குச் சனிக்கிழமை என்பது தி.நகருக்குத் தீபாவளிக்கு முந்தின ஞாயிறு மாதிரி. உள்ளே போய் வேலை பார்த்த பிறகுதான் அது எனக்குப் புரிந்தது. பிறகு நானே ஷிஃப்ட் லீடாக, அதாவது ஒரு வேளைக்குப் பொறுப்பாளராக, ஆனபோது, வந்த விண்ணப்பத்தில் முதலில் பார்த்தது படிப்பை இல்லை. திங்கள் முதல் ஞாயிறு வரை எந்த நேரம் வர முடியும் என்று ஒரு கட்டம் இருக்குமே, அதைத்தான். அதனால் இன்றைக்கே வீட்டுக்காரரோடு உட்கார்ந்து அந்தக் கட்டத்தை நிரப்பிக்கொள்ளுங்கள். ஒரே கார் என்றால் அவர் ஆபீஸ் போகாத நாள் எது, பிள்ளைகளை யார் கூட்டி வருவது, எல்லாம் பேசி முடித்த பிறகு எழுதுங்கள். ‘எப்போது வேண்டுமானாலும்’ என்று ஆசைக்கு எழுதிவிட்டு இரண்டாவது வாரமே “பையனுக்குக் காய்ச்சல், வர முடியாது” என்று போன் செய்தவர்களைத்தான் நாங்கள் அதிகம் இழந்தோம். வார நாளில் காலை ஒன்பது முதல் இரண்டு, அதோடு ஒரு சனி அல்லது ஞாயிறு முழு நாள் என்று தெளிவாக எழுதினால் போதும், மரியாதையாகவே பார்ப்பார்கள்.

உங்கள் நேரத்துக்குக் கல்லாவைவிடப் பின்கட்டுதான் தோது. இந்தக் கடைகளில் இரண்டு உலகம் உண்டு. முன்னால் விற்பனை. பின்னால், கார்களில் வந்து இறங்கும் மூட்டைகளை வாங்குவது, பிரிப்பது, ஹேங்கரில் மாட்டுவது, விலைச் சீட்டு குத்துவது. இதை ‘ப்ரொடக்‌ஷன்’ என்பார்கள். மாலை கூட்டத்துக்கு ரேக் நிறைந்திருக்க வேண்டும் என்பதால் பின்கட்டு காலையிலேயே சுறுசுறுப்பாகிவிடும். விண்ணப்பத்தில் ‘கேஷியர்’ என்று மட்டும் போடாமல் இதையும் சேர்த்துப் போடுங்கள்.

பலகை வாசலில் இருந்தாலும் விண்ணப்பம் பெரும்பாலும் இணையத்தில்தான். ஒரு விஷயம் நிறைய பேருக்குத் தெரியாது. குட்வில் என்பது நாடு முழுக்க ஒரே கம்பெனி இல்லை. பகுதிக்கு ஒன்றாகத் தனித்தனி நிறுவனங்கள். டாலஸுக்கு ஒன்று, ஃபோர்ட் வொர்த் பக்கத்துக்கு வேறொன்று. சம்பளம், விதிமுறை, விண்ணப்பத் தளம் எல்லாம் வேறு வேறு. உங்கள் கடை எதில் சேர்ந்தது என்று உள்ளே கேட்டுவிட்டுப் பிறகு போடுங்கள். எவனாவது விண்ணப்பக் கட்டணம் கேட்டால் அது கடையே இல்லை. அப்படியே அவர்களின் வேலைவாய்ப்பு உதவி மையம் எங்கே என்றும் கேட்டு வையுங்கள். ரெஸ்யூமே எழுதக் காசு வாங்காமல் உதவுவார்கள். அதற்காகவும்தான் அந்தக் கடையே நடக்கிறது.

ரெஸ்யூமே ஒரு பக்கம். நம் ஊர் பயோடேட்டா பழக்கத்தில் போட்டோ, பிறந்த தேதி, கணவர் பெயர், மதம் எதையும் போட்டுவிடாதீர்கள். இங்கே அவற்றைப் பார்த்தாலே மேனேஜருக்குச் சங்கடம். எம்.காம்.மை மறைக்க வேண்டாம். ‘ரொம்பப் படிச்சவளை எடுக்க மாட்டாங்க’ என்று யாரோ சொல்லிப் பட்டத்தையே எடுத்துவிட்டு வந்த பெண்களை எனக்குத் தெரியும். பிறகு பேச்சில் அது வெளியே வரும்போது வேறு எதை மறைத்தாள் என்ற எண்ணம்தான் எதிரில் இருப்பவருக்கு வரும். கடைசியில் ஒரு வரியாக இருக்கட்டும்.

எட்டு வருட இடைவெளிக்குச் சமாளிப்பே தேவையில்லை. “குழந்தைகளை வளர்த்தேன், விசாவில் வேலை செய்ய அனுமதி இல்லை, இப்போது இருக்கிறது.” இவ்வளவுதான். அமெரிக்காவில் நிறைய அம்மாக்களின் ரெஸ்யூமேயில் இந்த ஓட்டை உண்டு. ஆனால் அந்த எட்டு வருடத்தில் நீங்கள் சும்மா இருந்திருக்க மாட்டீர்கள். சனி, ஞாயிறு தமிழ்ப் பள்ளியில் புத்தகம் அடுக்கினீர்களா? கோயில் அன்னதானத்தில் இருநூறு பேருக்குப் பரிமாறினீர்களா? பள்ளிக்கூடத்தில் புத்தகக் கண்காட்சிக்குக் காசு வாங்கிப் போட்டீர்களா? அதையெல்லாம் எழுதுங்கள். உங்களைப் பற்றி விசாரிக்க மூன்று பேர் பெயர் கேட்பார்கள், சொந்தக்காரர் கூடாது. தமிழ்ப் பள்ளி முதல்வரும் கோயில் சமையல்கட்டுப் பொறுப்பாளரும் அங்கேதான் உதவுவார்கள். அவர்களிடம் முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். தெரியாத நம்பர் என்று போனை எடுக்காமல் விட்டுவிடப் போகிறார்கள்.

நேர்காணல் கால் மணி நேரம். ‘ஏன் இங்கே?’ என்பார்கள். “வீட்டில் போர் அடிக்குது” என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். உங்களிடம் அதைவிட நல்ல பதில் இருக்கிறது. திருப்பூர்க்காரிக்குத் துணி தெரியும் என்று சொல்லுங்கள். இருபத்தைந்து, முப்பது பவுண்டு தூக்க முடியுமா, ஐந்தாறு மணி நேரம் நிற்க முடியுமா என்று கேட்பார்கள். தூசி ஒவ்வாமை இருந்தால் இந்த இடத்திலேயே யோசித்துக்கொள்ளுங்கள், மூட்டைக்குள் என்ன இருக்கும் என்று பெருமாளுக்குத்தான் தெரியும். எனக்குப் பூனை மூத்திர நாற்றம் பழக ஆறு மாதம் ஆனது. ‘கூட வேலை செய்கிறவர் ஒரு மோதிரத்தைப் பைக்குள் போட்டால் என்ன செய்வீர்கள்?’ என்ற கேள்வி ஏதாவது ஒரு வடிவத்தில் வந்தே தீரும். மேலதிகாரியிடம் சொல்வேன் என்பதுதான் பதில். “நமக்கெதுக்கு வம்பு” என்று நம் ஊர்ப் பக்குவத்தைக் காட்டினால் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

வேலை கிடைத்தால், இங்கே வேலை செய்ய அனுமதி உண்டா என்று சரிபார்க்கும் ஐ-9 என்றொரு படிவம். உங்கள் பகுதியை முதல் நாளே நிரப்ப வேண்டும். ஆவணத்தை வேலை தொடங்கி மூன்று வேலை நாளுக்குள் காட்ட வேண்டும். உங்கள் வேலை அனுமதி அட்டை ஒன்றே போதும், கூடவே பாஸ்போர்ட் கொண்டா, வேறொன்றைக் கொண்டா என்று அவர்கள் வற்புறுத்தக் கூடாது. அட்டை முடியும் தேதியைச் சமையலறைக் காலண்டரில் சிவப்பில் வட்டம் போடுங்கள். புதுப்பிக்க 180 நாள் முன்பிருந்தே மனு போடலாம். முதல் நாளே போட்டுவிடுங்கள். அட்டை முடிந்தால் வேலையும் அன்றோடு நின்றுவிடும்.

சம்பளம் பெரிதாக இருக்காது. 2009-லிருந்து மணிக்கு 7.25 டாலர்தான் மத்திய அரசின் குறைந்தபட்சக் கூலி, டெக்சாஸும் அதையேதான் வைத்திருக்கிறது. அந்தக் காசுக்கு இன்று யாரும் வர மாட்டார்கள் என்பதால் கடைகள் கொஞ்சம் கூடவே தரும். மருத்துவக் காப்பீட்டை எதிர்பார்த்துப் பகுதிநேர வேலைக்குப் போகாதீர்கள். ஆகஸ்ட், செப்டம்பரில் வேலைக்கு விண்ணப்பம் போட்டால் நல்லது. அக்டோபரில் ஹாலோவீன் வேஷத்துக்குத் துணி தேடி ஊரே பழைய பொருள் கடைக்குத்தான் வரும். டிசம்பர் கடைசி வாரத்தில் வரிக்கழிவுக்காகப் பொருள் கொடுக்க வரும் கார்கள் சாலை வரை நிற்கும். அப்போது ரசீது கேட்பவர், “இந்த சோபாவுக்கு எவ்வளவு போடலாம்?” என்று உங்களையே கேட்பார். நீங்கள் சொல்லக் கூடாது. பொருளைக் கொடுத்தவர்தான் அதன் மதிப்பை எழுதிக்கொள்ள வேண்டும்.

இப்போது நாத்தனார்.

நான் சேர்ந்த மூன்றாவது வாரம், ஜன்னல் திரைச்சீலை மாட்டும் ரேக்கில் ஒரு அரக்குப் பட்டுப் புடவை தொங்கியது. காஞ்சிபுரம், கோர்வைக் கரை, நல்ல கனம். மூன்று டாலர் 99 சென்ட். யார் வீட்டு நிச்சயதார்த்தமோ. ஆறு கெஜத் துணியைப் பார்த்த வெள்ளைக்காரப் பெண்ணுக்கு அது திரைச்சீலையாகத்தான் தெரிந்திருக்கிறது, அவளைக் குறை சொல்ல முடியாது. நான் மேனேஜரைக் கூட்டி வந்து முந்தானையை விரித்துக் காட்டினேன். அன்றிலிருந்து நம் பக்கத்துத் துணி எது வந்தாலும் என் மேஜைக்கு வரும். எனக்கு அந்தக் கடையில் கிடைத்த முதல் மரியாதை அதுதான், பி.எஸ்சி.யால் வரவில்லை. ஆஸ்டினில் ஒரு குட்வில் கடையில் 2018-இல் 34.99 டாலருக்கு விற்ற கல் தலை, இரண்டாயிரம் வருடத்துக்கு முந்தைய ரோமானியச் சிற்பம் என்று பிறகு தெரிந்து, முன்பு இருந்த ஜெர்மனிக்கே திரும்பிப் போனது. சீட்டு ஒட்டியவர் என்ன நினைத்து ஒட்டினாரோ.

1902-இல் பாஸ்டனில் எட்கர் ஹெல்ம்ஸ் என்ற மெதடிஸ்ட் பாதிரியார், பணக்காரர் வீடுகளில் பழைய துணி வாங்கி, வேலையில்லாதவர்களைக் கொண்டு தைத்துச் சரி செய்து விற்றார். அப்படித் தொடங்கியதுதான் குட்வில். உங்கள் ஊர்ச் சங்கதியும் இதில் இருக்கிறது. காலர் பட்டையைப் புரட்டினால் ‘மேட் இன் இந்தியா’ போட்ட பனியன் சட்டைகள் தினமும் வரும். நீங்கள் பில் போட்டு அனுப்பிய சட்டையே ஒன்றிரண்டு இருக்கலாம். இங்கே விற்காததைப் பேலர் இயந்திரத்தில் அழுத்திக் கட்டி விற்றுவிடுவார்கள், அப்படி அமெரிக்காவிலிருந்து கப்பலேறும் பழைய துணியில் ஒரு பங்கு குஜராத்தின் காண்ட்லாவுக்கும் ஹரியானாவின் பானிபட்டுக்கும் போய்ச் சேருகிறது. திருப்பூரில் ஏற்றுமதிக் கணக்கு எழுதியது கௌரவம், டெக்சாஸில் அதே சட்டையைப் பிரிப்பது கௌரவக் குறைச்சலா என்று நாத்தனாரையே கேளுங்கள். பதில் வந்தால் எனக்கும் எழுதுங்கள்.

கேள்வி: என் அம்மாவுக்கு 59 வயது, கிரீன் கார்டு இருக்கிறது. பகலெல்லாம் தனியாக இருக்கிறார். ஆங்கிலம் கொஞ்சம்தான். இந்த மாதிரிக் கடையில் எடுப்பார்களா?
– வாசகர், ஃபிரிஸ்கோ

பதில்: எடுப்பார்கள். ஹேங்கரில் மாட்டும் வேலைக்குப் பேச்சு அதிகம் வேண்டாம். என் பக்கத்து மேஜையில் இருந்த வியட்நாம் பாட்டிக்கு என்னைவிடக் குறைவான ஆங்கிலம், என்னைவிட இரண்டு மடங்கு வேகம். ஆனால் முதலில் அம்மாவின் முழங்காலைக் கேளுங்கள். சிமென்ட் தரையில் நாலு மணி நேரம், உட்கார நாற்காலி பெரும்பாலும் கிடையாது. நல்ல ஷூ வாங்கிக் கொடுங்கள், செருப்போடு உள்ளே விட மாட்டார்கள். இன்னொன்று, அம்மாவுக்கு ஆசை இருக்கிறதா, இல்லை உங்களுக்கா? கடிதத்தில் அது தெரியவில்லை.

கேள்வி: மகனுக்கு 16 வயது, எங்களோடு எச்-4. கோடை விடுமுறையில் சேவர்ஸ் கடையில் வேலை பார்க்கலாமா? சம்பளம் இல்லாமல் என்றாலும் சரி.
– பெயர் வேண்டாம்

பதில்: வேண்டாம். எச்-4 அனுமதி அட்டை துணைவருக்குத்தான், பிள்ளைகளுக்குக் கிடையாது. கிரீன் கார்டு கடைசிக் கட்டத்தில் தனி அட்டை வந்திருந்தால் கதை வேறு. சம்பளமில்லாமல் என்பதும் தப்பாது. மற்றவர்களுக்குக் கூலி கொடுத்துச் செய்யும் கடை வேலையை இலவசமாகச் செய்வதைச் சட்டம் தொண்டு என்று பார்ப்பதில்லை. தவிர, சேவர்ஸ் லாபத்துக்கு நடக்கும் கம்பெனி, தர்மக் கடை போலத் தோற்றம்தான். பையன் உணவு வங்கியில் பொட்டலம் போடட்டும். சந்தேகம் இருந்தால் குடியேற்ற வக்கீலிடம் கேளுங்கள், என்னிடம் வேண்டாம்.

கேள்வி: உங்களுக்குப் பொருள்களில் தள்ளுபடி உண்டா அக்கா? நல்லதை முதலில் நீங்களே எடுத்துக்கொள்வீர்களா?
– வாசகி, ப்ளேனோ

பதில்: தள்ளுபடி உண்டு. முதலில் எடுப்பது கிடையாது. எங்கள் கடையில், பொருள் முன்கட்டுக்குப் போய் ஒரு நாள் ஆன பிறகுதான் நாங்கள் வாங்கலாம், அதையும் வேறொருவர்தான் பில் போட வேண்டும். அப்படியும் பன்னிரண்டு வருடத்தில் எங்கள் காரேஜில் ஏழு பித்தளைச் சொம்பு, மூன்று இட்லிக் குக்கர், ஒரு வீணை உறை சேர்ந்துவிட்டன. உறை மட்டும்தான், வீணை இல்லை. என்றாவது வரும் என்று வீட்டுக்காரரிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.