குக்கரில் பீஃப் சில்லி: சான் அன்டோனியோவுக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பிக்கு

தம்பி, நீங்கள் கேட்டதை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன், உங்களைப் போல ஆகஸ்டில் வந்து இறங்கிய மற்ற பிள்ளைகளுக்கும் உதவும். ஆம்பூரிலிருந்து படிக்க வந்து மூன்று மாதம் ஆகிறது. வருகிற வெள்ளிக்கிழமை லேபில் ஆளுக்கொரு சாப்பாடு கொண்டுபோகும் பாட்லக், நீங்கள் பீஃப் சில்லி, அதாவது இந்த டெக்சாஸ் மாநிலத்தின் கெட்டியான மிளகாய் மாட்டுக்கறிக் குழம்பு, கொண்டுவருவதாகப் பெயர் கொடுத்துவிட்டீர்கள். கையில் இருப்பது அம்மா கொடுத்தனுப்பிய 5 லிட்டர் குக்கர் ஒன்றுதான். செய்முறை எல்லாவற்றிலும் 3 மேசைக்கரண்டி சில்லி பவுடர் என்று போட்டிருக்கிறது, ஊரிலிருந்து கொண்டு வந்த மிளகாய்த்தூளையே போடலாமா?

போடவே போடாதீர்கள். நான் வந்த முதல் குளிர்காலத்தில் அதைத்தான் செய்தேன். அளவு மாறாமல் 3 மேசைக்கரண்டி, அதுவும் மார்த்தாண்டத்தில் அம்மா வெயிலில் காயவைத்து அரைத்துக் கொடுத்த தூள். 2 பவுண்டு கறியும் வீணாகிப் போயிற்று, வீட்டுக்காரரால் இரண்டு வாய்க்கு மேல் சாப்பிட முடியவில்லை. மாதக் கடைசி, கையில் பணம் இல்லாத நேரம், அந்தக் கறியைக் கொட்டியது இன்றைக்கும் மனதில் இருக்கிறது. இந்த ஊர்க் கடையில் சில்லி பவுடர் என்று விற்பது வெறும் மிளகாய் இல்லை. காரம் குறைந்த மிளகாயோடு சீரகம், ஆரிகானோ, பூண்டுத்தூள், பல நேரம் உப்பும் சேர்த்த கலவை. நம்ம குழம்புத்தூள் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். 1890களில் நியூ பிரான்ஃபெல்ஸில், இங்கிருந்து 30 மைல்தான், வில்லியம் கெப்ஹார்ட் என்ற ஜெர்மானியர் இந்தத் தூளைச் செய்து விற்க ஆரம்பித்தார். அப்புறம்தான் இது நாடு முழுக்கப் பரவியது.

ஆனால் உங்களுக்குத் தூளே தேவையில்லை என்பதுதான் நான் சொல்ல வருவது. ஆம்பூர் பிரியாணிக்குக் காய்ந்த மிளகாயை ஊறவைத்து விழுதாக அரைத்துப் போடுவதை நீங்கள் சின்ன வயதிலிருந்து பார்த்திருப்பீர்கள். டெக்சாஸ் சில்லியின் அஸ்திவாரமும் அதே வேலைதான், காய்ந்த மிளகாயை வறுத்து, ஊறவைத்து, அரைத்த விழுது. மிளகாய்தான் வேறு.

மெக்சிகன் சாமான்கள் இருக்கும் வரிசைக்குப் போங்கள், இந்த ஊரில் எல்லா எச்-ஈ-பி கடையிலும் இருக்கும். ஆஞ்சோ என்று கருஞ்சிவப்பாக, அகலமாக, சுருங்கிப்போய் ஒரு மிளகாய். அது 6. குவாஹியோ என்று நீளமாக, தோல் வழவழப்பாக இன்னொன்று, அது 4. காரத்துக்கு ஆர்போல் என்ற சின்ன மிளகாய் 3 போதும், அது ஏறக்குறைய நம்ம குண்டூர் மிளகாய் மாதிரி உறைக்கும். ஆஞ்சோவைப் பாக்கெட்டோடு மெல்ல வளைத்துப் பாருங்கள், உலர்ந்த திராட்சை மாதிரி வளைந்து கொடுக்க வேண்டும். சருகு மாதிரி நொறுங்கினால் பழசு, வாசனை போயிருக்கும், அடுத்த பாக்கெட்டை எடுங்கள்.

கறிக்கு வருவோம். ஸ்டூ மீட் என்று ஏற்கெனவே வெட்டி வைத்திருப்பதை வாங்காதீர்கள். பல இடத்துக் கறி கலந்திருக்கும், ஒரு துண்டு வெந்து கரையும்போது பக்கத்துத் துண்டு ரப்பராகவே கிடக்கும். சக் ரோஸ்ட் என்று கேளுங்கள், மாட்டின் தோள் பகுதி, கொழுப்பும் ஜவ்வும் ஊடுபாவாக ஓடும். அந்த ஜவ்வுதான் நேரம் போகப்போக இளகிக் குழம்புக்குப் பிசுபிசுப்பைக் கொடுப்பது. பத்துப் பேருக்கு 3 பவுண்டு, அதாவது கிட்டத்தட்ட 1.4 கிலோ. ஹலால் கறிதான் வேண்டும் என்றால் ஹலால் கடையில் எலும்பில்லாத சக், ஓர் அங்குலத் துண்டு என்று சொல்லுங்கள், வெட்டியே தருவார்கள். இன்னொன்று, இங்கே பல செய்முறைகளில் பீர் ஊற்றச் சொல்வார்கள், பேக்கன் என்ற பன்றிக்கறிக் கொழுப்பில் வதக்கச் சொல்வார்கள். இரண்டும் இல்லாமலேயே நன்றாக வரும், வெறும் தண்ணீர் போதும்.

இனி அடுப்பு. முதலில் குக்கரை வெறுமனே மிதமான சூட்டில் வைத்து, காம்பும் விதையும் எடுத்த மிளகாயைப் பக்கத்துக்குப் பத்துப் பதினைந்து வினாடி அழுத்தி வாட்டுங்கள். திராட்சையும் புகையிலையும் கலந்த மாதிரி ஒரு வாசனை வரும், வந்ததும் எடுத்துவிட வேண்டும். கறுத்தால் மொத்தக் குழம்பும் கசந்துபோகும். ஜன்னலைத் திறந்து வைத்துவிட்டு இதைச் செய்யுங்கள். அபார்ட்மென்ட் அடுப்புக்கு மேலே இருக்கும் விசிறி பல இடங்களில் புகையை வெளியே தள்ளாது, வடிகட்டி மறுபடி அறைக்குள்ளேயே விடும், மிளகாய் நெடி ஏறினால் ஸ்மோக் அலாரம் அலறும். உங்கள் அடுப்பு சுருள் மின்சார அடுப்பு என்றால் இன்னொரு விஷயம், அணைத்த பிறகும் அந்தச் சுருளில் சூடு நிறைய நேரம் இருக்கும். சிம்மில் வை என்று அம்மா போனில் சொல்வதற்கு இங்கே அர்த்தம், பாத்திரத்தைத் தூக்கி, சூடு குறைவாக வைத்த பக்கத்துச் சுருளில் வைப்பது.

வாட்டிய மிளகாயை வெந்நீரில் அரை மணி நேரம் ஊறவிட்டு, 6 பல் பூண்டு, வறுத்த சீரகம் ஒரு மேசைக்கரண்டி, ஆரிகானோ ஒரு தேக்கரண்டி சேர்த்து விழுதாக அரையுங்கள். மிக்ஸி இல்லையென்றால் அறைத்தோழரின் ஸ்மூத்தி பிளெண்டர் போதும். ஊறிய தண்ணீரை ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள், கசக்கவில்லை என்றால் அதையே ஊற்றி அரைக்கலாம், கசந்தால் கொட்டிவிட்டு வேறு தண்ணீர்.

அடுத்ததுதான் நம் கைக்குப் பழக்கம் இல்லாதது. நாம் கறியை மசாலாவோடு சேர்த்துப் போட்டு அதன் தண்ணீரிலேயே வேகவிடுவோம். இங்கே கறியை ஒரு பேப்பர் டவலால் ஒற்றி ஈரம் எடுத்து, உப்புத் தடவி, எண்ணெய் நன்றாகக் காய்ந்த பிறகு கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, தொடாமல் விட வேண்டும். நான்கு நிமிடம். கரண்டியால் கிளறத்தான் கை போகும், கிளறாதீர்கள். அடி நன்றாகச் சிவந்ததும் தானாக விட்டுக்கொண்டு வரும், அப்போது திருப்புங்கள். 3 பவுண்டையும் ஒரேயடியாகக் கொட்டினால் தண்ணீர் விட்டு வெந்துபோகும், சிவக்காது. நான்கு தடவையாகப் போடுங்கள், அரை மணி நேரம் போனால் போகட்டும், சில்லியின் ருசியில் பாதி இங்கேதான் இருக்கிறது.

கறியை எடுத்துவிட்டு, அதே எண்ணெயில் 2 பெரிய வெங்காயத்தைப் பொடியாக அரிந்து வதக்கி, அரைத்த விழுதைப் போட்டு எண்ணெய் பிரியும்வரை கிளறுங்கள், இது உங்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. பிறகு 3 கப் தண்ணீர் ஊற்றி, மரக்கரண்டியால் அடியில் ஒட்டியிருப்பதை முழுக்கச் சுரண்டிக் கரையுங்கள். இதை விட்டுவிட்டு மூடினால் குக்கரில் அடிப்பிடிக்கும். கறியைப் போட்டு மூடி, முதல் விசில் வந்ததும் சூட்டைக் குறைத்து 25 நிமிடம், பிறகு ஆவி தானாக அடங்கட்டும். அதோடு முடியவில்லை. திறந்து வைத்து இன்னும் அரை மணி நேரம் மெல்லக் கொதித்து வற்ற வேண்டும். கெட்டிப்படுத்த மாசா ஹரினா என்ற சோள மாவு, டார்ட்டியா என்ற மெக்சிகன் ரொட்டி செய்வதற்கு விற்பது, 2 மேசைக்கரண்டி எடுத்துத் தண்ணீரில் கரைத்து ஊற்றுங்கள், நெருப்பில் சுட்ட சோளத்தின் மணம் வந்துவிடும். கடைசியில் அரை எலுமிச்சை, ஒரு சின்னத் துண்டு வெல்லம், உப்பு பார்த்து இறக்குங்கள்.

தக்காளியா? நான் போடுவதில்லை, போடுகிறவர்களோடு சண்டைக்கும் போவதில்லை. இஞ்சி, கரம் மசாலா, கறிவேப்பிலை மூன்றும் வேண்டாம் தம்பி. போட்டால் ருசியாகத்தான் இருக்கும், ஆனால் அது நம்ம கறிக்குழம்பு ஆகிவிடும், நீங்கள் பெயர் கொடுத்தது சில்லிக்கு.

பீன்ஸ், அதாவது ராஜ்மா மாதிரிப் பயறு, போடலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். 1977இல் சில்லியை மாநில உணவாக அறிவித்த டெக்சாஸ் இது. மேற்கே டெர்லிங்குவா என்ற பாலைவனக் கிராமத்தில் 1967இலிருந்து சில்லிப் போட்டி நடக்கிறது, இப்போது அங்கே பீன்ஸ் போட விதி அனுமதிப்பதில்லை. ஆகவே லேபுக்குக் கொண்டுபோவதில் போடாதீர்கள். உங்களுக்கென்று செய்யும்போது தாராளமாகப் போடலாம், ஒரு டின் ராஜ்மா போட்டால் கறி பாதி போதும், மாணவர் கைக்கு அது பெரிய மிச்சம். காய்ந்த ராஜ்மா வாங்கினால் மட்டும் கவனம். இரவு ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டி, நன்றாகக் கொதிக்கவைத்து வேகவைத்த பிறகே சேருங்கள். பச்சை ராஜ்மாவில் வயிற்றைப் புரட்டும் நஞ்சு ஒன்று இருக்கிறது, ஸ்லோ குக்கரின் இளஞ்சூட்டில் அது போகாது. டின்னில் வருவது வெந்தது, பயமில்லை.

இன்னொன்றும் சொல்ல ஆசை. நீங்கள் டவுன்டவுன் பக்கம் போகும்போது சிட்டி ஹால் கட்டடத்தைப் பார்த்திருப்பீர்கள். அது நிற்கும் இடம்தான் பழைய மிலிட்டரி பிளாசா. 1880களில் சாயங்காலம் ஆனால் அங்கே மெக்சிகோ வம்சாவளிப் பெண்கள் மேசை போட்டு, விளக்கேற்றி, அடுப்பு மூட்டிச் சில்லி விற்பார்கள், சில்லி குவீன்ஸ் என்று ஊரே அவர்களை அழைத்தது. சிட்டி ஹால் வந்ததும் வேறு சதுக்கங்களுக்கு நகர்ந்தார்கள், 1930களில் சுகாதார விதிகளைச் சொல்லி அவர்களை நகராட்சி அப்புறப்படுத்தியது. 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில் இந்த ஊர்ச் சில்லிக்கென்று தனிக் கடையே போட்டிருந்தார்கள். வீட்டில் செய்து தெருவில் வைத்து விற்ற பெண்களின் சமையல் இது. மரீனா கடற்கரையில் மீன் வறுத்து விற்கும் அக்காமார்களைப் பார்த்திருக்கும் நமக்கு அந்த வாழ்க்கை புரியும். அதனால்தான் பாக்கெட் மசாலா போட்டு இதை ஒப்பேற்ற எனக்கு மனம் வருவதில்லை.

வியாழக்கிழமை இரவே செய்துவிடுங்கள், மறுநாள்தான் ருசி சேரும். ஆனால் சூடான குக்கரை அப்படியே ராத்திரி முழுக்க அடுப்பில் விட்டு வைக்காதீர்கள், இரண்டு மணி நேரத்துக்குள் அகலமான டப்பாக்களில் மாற்றி ஃபிரிட்ஜில் வையுங்கள். காலையில் மேலே படிந்திருக்கும் சிவப்புக் கொழுப்பில் பாதியை எடுத்துவிட்டு, கொதிக்கக் கொதிக்கச் சூடாக்கிக் கொண்டுபோங்கள். பக்கத்தில் துருவிய சீஸ், பொடியாக அரிந்த வெங்காயம், ஒரு பை சோளச் சிப்ஸ் வைத்தால் போதும், மீதியை அவர்களே பார்த்துக்கொள்வார்கள். பாத்திரத்தின் முன்னால் ஒரு சீட்டில் பீஃப் என்று பெரிதாக எழுதி வையுங்கள், லேபில் மாட்டுக்கறி சாப்பிடாத நம்மூர்ப் பிள்ளைகளும் இருப்பார்கள், அவர்கள் கேட்டுக் கேட்டுத் தயங்க வேண்டாம்.

கிளம்புவதற்கு முன்னால் ஒரு டப்பா உங்களுக்கென்று எடுத்து ஃப்ரீசரில் போட்டுவிடுங்கள், இரண்டு மூன்று மாதம் தாங்கும். நான் அதை மரவள்ளிக்கிழங்கோடு சாப்பிடுவேன், எங்கள் பக்கத்துப் பழக்கம். கிழங்கு இங்கே யூக்கா என்ற பெயரில், தோல் சீவி உறையவைத்து, ஃப்ரீசர் வரிசையில் இருக்கும். டிசம்பர் பரீட்சை வாரத்தில் ஒரு நாள் ராத்திரி பத்து மணிக்கு லேபிலிருந்து வருவீர்கள், அன்றைக்கு அதை எடுத்துச் சூடாக்கிச் சாப்பிட்டுவிட்டுத் தூங்குங்கள்.