வெறும் காகிதம்

அன்புள்ள ஐயா,

ஆசியக் கோப்பையில் நம் அணி பாகிஸ்தான் வீரர்களுடன் கைகுலுக்காமல் போனது சரியா, தவறா என்று எங்கள் ஆசிரியர் அறையில் ஒரு வாரம் சண்டை. உங்கள் கருத்து வேண்டும். என்னைக் கேட்டால் வாஜ்பாயின் லாகூர் பஸ், ஆக்ரா பேச்சு எல்லாம் நாம் ஏமாந்த கதை. ஒப்பந்தம் என்பதெல்லாம் வெறும் காகிதம். 2025 மே மாதச் சண்டையில், அணு ஆயுதம் இருப்பதாகச் சொல்லும் பாகிஸ்தானின் கிரானா மலையையே அடித்துக் காட்டினோம், அதுதான் அவர்களுக்குப் புரியும் பாஷை. அமெரிக்கா சொல்லித்தான் சண்டை நின்றது என்பதை நீங்கள் நம்புகிறீர்களா? இன்னொன்று: பதினொன்றாம் வகுப்புப் பையன் ஒருவன் “தெரியாத்தனமா ஒரு மிசைல் பறந்துபோய் அந்தப் பக்கம் விழுந்துட்டா என்ன சார் ஆகும்?” என்று கேட்டான். அப்படியெல்லாம் நடக்காது, உட்காருடா என்றேன். இப்படியெல்லாம் யோசிக்கிறார்கள் இந்தக் காலத்துப் பிள்ளைகள்.

சரவணன்

அன்புள்ள சரவணன்,

கைகுலுக்கல் பற்றி எனக்குப் பெரிய கருத்து ஒன்றும் இல்லை. உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்தியவை இரண்டு. ஒன்று, “வெறும் காகிதம்”. இன்னொன்று, நீங்கள் உட்கார வைத்த அந்தப் பையன்.

ஒவ்வொரு ஜனவரி 2ஆம் தேதியும் செய்தித்தாளின் உள்பக்கத்தில் ஒரு பெட்டிச் செய்தி வரும். நான்கைந்து வரி. இந்தியாவும் பாகிஸ்தானும் தங்கள் அணு நிலையங்களின் பட்டியலைப் பரிமாறிக்கொண்டன என்று. யாரும் படிப்பதில்லை. அந்த நான்கு வரியைப் பற்றி எழுத வேண்டும் என்று கொஞ்ச நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். நீங்கள் வந்து மாட்டிக்கொண்டீர்கள்.

நடப்பது இதுதான். ஜனவரி 1 அன்று டெல்லியில் பாகிஸ்தான் தூதரக அதிகாரியிடம் நம் வெளியுறவு அமைச்சகம் ஒரு பட்டியலைக் கொடுக்கும். அதே நாளில் இஸ்லாமாபாத்தில் நம் தூதரக அதிகாரியிடம் அவர்கள் ஒன்றைக் கொடுப்பார்கள். ஒவ்வொரு நிலையத்துக்கும் அட்சரேகை, தீர்க்கரேகை இருக்கும். அணு மின் உலை, ஆராய்ச்சி உலை, எரிபொருள் தயாரிக்கும் இடம், யுரேனியம் செறிவூட்டும் ஆலை, மறுசுத்திகரிப்பு ஆலை, கதிரியக்கப் பொருளைப் பெருமளவில் சேமித்திருக்கும் இடம், எல்லாம் சேர்த்தி. பட்டியல் ரகசியம். ஆனால் இந்த வரையறைப்படி கூடங்குளமும் கல்பாக்கமும் அதில் இருந்தாக வேண்டும். வெறும் காகிதம் என்று நீங்கள் சொன்னதில் நம் கடற்கரையும் இருக்கிறது, சரவணன்.

இது வந்த கதை நீளம். 1981 ஜூன் 7 அன்று இஸ்ரேல் விமானங்கள் ஈராக்கின் ஒசிராக் அணு உலையைக் குண்டு போட்டு அழித்தன. அன்றிலிருந்து பாகிஸ்தானுக்குத் தூக்கம் போயிற்று. தன் யுரேனியம் செறிவூட்டும் ஆலை இருக்கும் கஹூட்டாவுக்கும் அதே கதி வருமோ என்று. 1985 டிசம்பரில் ராஜீவ் காந்தியும் பாகிஸ்தான் அதிபர் ஜியாவும் ஒருவர் நிலையத்தை ஒருவர் தாக்குவதில்லை என்று வாயளவில் சொல்லிக்கொண்டார்கள். அது எழுத்தில் வந்தது 1988 டிசம்பர் 31 அன்று, பேநசீர் காலத்தில். நடைமுறைக்கு வந்தது 1991 ஜனவரி 27. முதல் பட்டியல் கைமாறியது 1992 ஜனவரி 1. வாயில் சொன்னது காகிதமாகிக் கைக்கு வர ஆறு வருடம். காகிதம் என்றால் அவ்வளவு இளப்பமா உங்களுக்கு?

அந்த ஜனவரி முதல் தேதிகளில் சிலவற்றை மட்டும் பாருங்கள். 2000: கார்கில் முடிந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை, காந்தஹாரில் சிக்கிய விமானப் பயணிகள் டெல்லி வந்து இறங்கியது முந்தைய நாள்தான். 2002: நாடாளுமன்றத் தாக்குதலுக்குப் பிறகு எல்லையில் இரு படைகளும் முகத்துக்கு முகம் நிற்கின்றன, சம்ஜௌதா ரயிலும் லாகூர் பஸ்ஸும் நிறுத்தப்பட்ட அதே நாள். 2009: மும்பைத் தாக்குதலின் புகை அடங்கவில்லை. 2026: நீங்கள் சொல்லும் அந்த மே மாதத்துக்குப் பிறகு. ஒரு வருடம் தவறவில்லை. 2026 வரை 35 முறை. நீங்கள் கேலி செய்யும் லாகூர் பஸ் நின்றுபோன நாளிலும் இது நிற்கவில்லை.

கிரானா மலைக்கு வருகிறேன். கோபமாகத்தான் வருகிறேன். 2025 மே 12 அன்று செய்தியாளர் கூட்டத்தில் நம் விமானப்படையின் ஏர் மார்ஷல் பாரதியிடம் இதைக் கேட்டார்கள். அங்கே அணு நிலையம் இருப்பதைச் சொன்னதற்கு நன்றி, எங்களுக்கு அது தெரியாது என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டு, கிரானா மலையை நாங்கள் தாக்கவில்லை, அங்கே என்ன இருந்தாலும் சரி என்று முடித்தார். குண்டு போட்டதாக நீங்கள் சொல்லும் படையே போடவில்லை என்கிறது. வாட்ஸப்பில் வந்த படத்தை நம்பி, போட்டோம் என்று நீங்கள் மார்தட்டுகிறீர்கள். விமானப்படை பொய் சொல்கிறது என்கிறீர்களா, அல்லது உண்மையாக இருந்தால் நன்றாக இருக்குமே என்கிறீர்களா? இரண்டாவது என்றால் உங்களோடு எனக்குப் பேச்சே இல்லை. வகுப்பில் பாடம் எடுப்பவர் நீங்கள்.

அந்தப் பட்டியல் குறையற்றது என்றும் சொல்ல மாட்டேன். போய்ச் சரிபார்க்க வழி கிடையாது. அவரவர் எழுதிக் கொடுப்பதுதான் கணக்கு. ஏதோ ஒன்றை மறைத்துவிட்டார்கள் என்று ஆரம்பத்திலிருந்தே இரு பக்கமும் முணுமுணுப்பு உண்டு. இருந்தாலும், தாக்குதல் இலக்குகளைக் குறிக்கும் அதிகாரியின் மேசையில், தொடக்கூடாத இடங்கள் இவை என்று எதிராளியே கையெழுத்திட்டுக் கொடுத்த தாள் இருப்பதும் இல்லாமலிருப்பதும் ஒன்றல்ல.

அமெரிக்கா நிறுத்தியதா என்ற கேள்வியை விட்டுவிடுகிறேன். அதற்குத் தொலைக்காட்சி இருக்கிறது. பதிவில் இருப்பது இவ்வளவு: 2025 மே 10 பிற்பகல் 3.35க்கு பாகிஸ்தானின் ராணுவ நடவடிக்கைத் தலைமை இயக்குநர் நம் தலைமை இயக்குநரைத் தொலைபேசியில் அழைத்தார். மாலை 5 மணிக்குச் சண்டை நிறுத்தம். யார் யாரை எங்கிருந்து நெருக்கினார்களோ, கடைசியில் பேச ஒரு கம்பி வேண்டியிருந்தது. 1971 போருக்குப் பின் போட்ட இணைப்பு அது. செவ்வாய்க்கிழமைதோறும் அதில் பேச்சு நடப்பது வழக்கம். பெரும்பாலும் பேசுவது தலைவர்கள் அல்ல, கீழ்நிலை அதிகாரிகள். எந்தக் காவல்சாவடியில் சுட்டார்கள், யார் புதிதாகப் பதுங்குகுழி தோண்டுகிறார்கள் என்கிற சில்லறைப் பேச்சு. 2020இல் மட்டும் 5,133 முறை போர்நிறுத்த மீறல் நடந்ததாக இந்தியா கணக்குச் சொன்னது. 2021 பிப்ரவரி 25 அன்று இரு இயக்குநர்களும் கூட்டாக ஒரு அறிக்கை விட்டார்கள். அதன்பின் சில வருடங்களுக்கு மீறல்கள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குக் குறைந்தன. எல்லையோரம் குடியிருப்பவன் வயலுக்குப் போய் அறுப்பு அறுத்தான். அதுவும் காகிதம்தான்.

இப்போது உங்கள் மாணவன்.

2005 அக்டோபர் 3 அன்று இன்னொரு ஒப்பந்தம் கையெழுத்தானது. பாலிஸ்டிக் ஏவுகணையைச் சோதிப்பதானால் ஏவுவதற்கான ஐந்து நாள் காலம் ஒன்றைக் குறிக்க வேண்டும். அந்தக் காலம் தொடங்குவதற்குக் குறைந்தது மூன்று நாள் முன்பே மற்றவருக்குச் சொல்லிவிட வேண்டும். ஏவும் இடம் எல்லையிலிருந்து 40 கிலோமீட்டருக்குள் இருக்கக் கூடாது. பறக்கும் பாதையும் 40 கிலோமீட்டர் தள்ளியே போக வேண்டும். நல்ல ஒப்பந்தம். ஆனால் அதில் உள்ள சொல்லைக் கவனியுங்கள்: பாலிஸ்டிக். அதாவது எறிந்த கல் மாதிரி மேலே போய் வளைந்து கீழே விழுவது. விமானம் மாதிரி எஞ்சினோடு கடைசிவரை பறந்துபோகும் குரூஸ் ஏவுகணை இதில் வராது.

மறதியால் விட்டதல்ல. ஒப்பந்த வாசகம் பேசி முடிந்தது 2005 ஆகஸ்ட் 6. ஐந்தே நாளில், ஆகஸ்ட் 11 அன்று, பாகிஸ்தான் தன் பாபர் குரூஸ் ஏவுகணையை முதன்முதலாகச் சோதித்தது, நமக்கு ஒரு வார்த்தை சொல்லாமல். ஏன் சொல்லவில்லை என்றால், ஒப்பந்தத்தில் குரூஸ் இல்லையே என்றார்கள். நமக்கும் பிரம்மோஸ் என்ற குரூஸ் ஏவுகணை இருந்ததால் நாமும் அந்த ஓட்டையை அடைக்கத் துடித்ததாகத் தெரியவில்லை. இருவருக்கும் வசதியான ஓட்டை.

2022 மார்ச் 9, மாலை ஆறரை மணிக்கு மேல். ஒரு பிரம்மோஸ் நம் பக்கத்திலிருந்து கிளம்பிப் பாகிஸ்தானுக்குள் போய், பஞ்சாப் மாகாணத்தின் மியான் சன்னு என்ற ஊருக்குப் பக்கத்தில் விழுந்தது. 40,000 அடி உயரம், தங்கள் எல்லைக்குள் 124 கிலோமீட்டர், 3 நிமிடம் 44 வினாடி என்பது பாகிஸ்தான் ராணுவம் சொன்ன கணக்கு. பயணிகள் விமானங்கள் பறக்கும் உயரம் அது. வெடிமருந்து இல்லாததால் ஒரு சுவர் இடிந்ததோடு போயிற்று. உயிர்ச்சேதம் இல்லை.

எப்படிப் போயிற்று? பராமரிப்பின்போது தொழில்நுட்பக் கோளாறு என்றது முதல் அறிக்கை. விசாரணையில், வகுத்த நடைமுறையை மீறினார்கள் என்று தெரிந்து, ஆகஸ்டில் மூன்று விமானப்படை அதிகாரிகளை வேலையிலிருந்து நீக்கினார்கள். பின்னர் வழக்கு நீதிமன்றம் போனபோது விமானப்படை சொன்ன விவரம்தான் பயங்கரம். ஏவுகணைகளை ஏவத் தயாராக்கும் போர் இணைப்பிகள் சந்திப்புப் பெட்டியில் செருகியபடியே இருந்தன. இருப்பது தெரிந்தும் ஏவு வாகனத் தலைவர் ஏவுவதை யாரும் தடுக்கவில்லை. வீட்டில் மின்விசிறியைக் கழற்றுமுன் ஃபியூஸைப் பிடுங்கிவிட்டோமா என்று பார்க்கிறோமே, அந்தப் பிடுங்கல் இங்கே நடக்கவில்லை.

சரி, போனது போகட்டும். போன பிறகு? ஏவுகணை விழுந்தது 9ஆம் தேதி. 10ஆம் தேதி பாகிஸ்தான் ராணுவம் உலகுக்குச் சொல்கிறது. எங்களுடையதுதான், தவறுதலாகப் போய்விட்டது என்று நாம் அறிவித்தது 11ஆம் தேதி மாலை. உடனே ஏன் சொல்லவில்லை என்பது பாகிஸ்தான் கேட்ட கேள்விகளில் ஒன்று. எதிரி கேட்டாலும் நியாயமான கேள்வி. ராடாரில் ஒரு புள்ளி மூன்று நிமிடமாக வந்துகொண்டிருக்கிறது. அதன் மூக்கில் என்ன இருக்கிறது என்று ராடாருக்குத் தெரியாது. அந்த மூன்று நிமிடத்தில் அந்தப் பக்கத்து அதிகாரி நிதானமாக இருந்தார் என்பதைத் தவிர அன்றைக்கு நமக்கு வேறு காப்பு இருக்கவில்லை.

1999 லாகூர் புரிந்துணர்வு ஒப்பந்தத்தில் இதற்கு ஒரு வரி உண்டு. இரு தரப்புக்கும் கேடோ அணுப் போரோ வரும் அபாயமுள்ள தற்செயலான, அனுமதியற்ற, விளங்காத சம்பவம் எதுவானாலும் உடனே தெரிவிக்க வேண்டும். அதற்கான தொடர்பு வழியை இரு தரப்பும் கண்டறிய வேண்டும் என்று. பாருங்கள், நீங்கள் ஏமாந்த கதை என்று சொன்ன அதே பஸ் பயணத்தில் எழுதியது. “உடனே” என்றால் எத்தனை நிமிடம், எந்தத் தொலைபேசி, யார் எடுப்பது என்பது அதில் இல்லை. 2004இல் வெளியுறவுச் செயலர்களுக்கு இடையே ஒரு ஹாட்லைன் என்று முடிவாயிற்று. ஏவுகணை கைநழுவியது வெளியுறவுச் செயலருக்கா முதலில் தெரியும்?

செய்ய வேண்டியது சின்ன வேலை. 2005 ஒப்பந்தத்தில் பாலிஸ்டிக் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் “அல்லது குரூஸ்” என்று சேர்க்க வேண்டும். அது விபத்தைத் தடுக்காதே என்பீர்கள். தடுக்காது. ஆனால் சோதனை எல்லாம் முன்கூட்டித் தெரிந்தால், சொல்லாமல் வரும் புள்ளி சோதனை இல்லை என்றாவது உறுதியாகும். மிச்சம் இரண்டே சாத்தியம்: தாக்குதல், அல்லது கைநழுவல். அதில் எது என்று சொல்லத்தான் தொலைபேசி. தவறி ஏவிய படைப்பிரிவு நேராக ராணுவ இயக்குநர் அறைக்குச் சொல்ல வேண்டும். அங்கிருந்து சில நிமிடத்துக்குள் அந்தப் பக்கத்துக்கு மூன்று தகவல்: எங்கிருந்து கிளம்பியது, எந்தத் திசை, முனையில் வெடிமருந்து உண்டா இல்லையா. மன்னிப்பு, விசாரணை, இழப்பீடு எல்லாம் மறுநாள் பேசிக்கொள்ளலாம்.

டிரோன் கதையும் இதுதான். போர் விமானங்கள் எல்லைக்கு 10 கிலோமீட்டருக்குள் வரக் கூடாது என்று 1991இல் ஒப்பந்தம் போட்டபோது டிரோன் என்ற சொல்லை யாரும் நினைக்கவில்லை. விளைவை 2025 மே மாத இரவுகளில் பார்த்தோம். அதை எழுத இன்னொரு நாள் வேண்டும்.

கடிந்து எழுதிவிட்டேன், மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். ஒரு பையன் எழுந்து நின்று இப்படிக் கேட்கத் துணிகிறான் என்றால் அந்த வகுப்பில் ஆசிரியரைப் பார்த்துப் பயம் இல்லை என்று அர்த்தம். அது உங்கள் சாமர்த்தியம். நாளைக்கே அவனைக் கூப்பிட்டு, நீ கேட்டது ஏற்கெனவே நடந்திருக்கிறது என்று சொல்லுங்கள். தேதியையும் ஊரையும் கரும்பலகையில் எழுதிப் போடுங்கள். மூன்று நிமிடம் நாற்பத்து நான்கு வினாடி என்பதையும்.