வாசகர் கேள்வி – பதில்: கார்க் கண்ணாடிக்குப் பின்னால் ஓடும் ஊர்

கேள்வி: தோழியர் மூவர் ஐரோப்பாவுக்குச் சுற்றுலா சென்று காதலில் விழும் பழைய ஆங்கிலப் படமொன்றைப் பார்த்தேன். நகரம் கார்க் கண்ணாடிக்குப் பின்னால் மட்டுமே தெரிகிறது. நடிகையர் உண்மையிலேயே அங்கே போனார்களா? (வாசகி, ரோஸ் ஹில், மொரீஷியஸ்)

பதில்: நீங்கள் சொல்வதைப் பார்த்தால், அவர்கள் ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்திருக்க வாய்ப்பு குறைவு. சிறிய குழு ஒன்று கேமராவுடன் சென்று வீதிகளை மட்டும் படம்பிடித்து வரும். அந்தச் சுருளை, ஒளி ஊடுருவும் திரையொன்றில் பின்புறமிருந்து ஓட்டி, திரைக்கு முன்னால் பாதி வெட்டிய காரில் நடிகையரை அமர்த்திப் படமெடுப்பார்கள். புரொஜெக்டரும் கேமராவும் ஒரே கணத்தில் திறந்து மூடவேண்டும். இல்லையேல் பின்னணி மினுங்கிக் காட்டிக்கொடுத்துவிடும். ஏற்கெனவே எடுத்த படத்தையே மறுபடியும் படமெடுப்பதால் நகரம் சற்று மங்கலாகத் தெரியும். எல்லாம் திரையின் அகலத்துக்குள் அடங்கவேண்டும் என்பதால்தான் கார், ரயில் சன்னல், ஓட்டல் பால்கனி என்றே கதை சுற்றிவருகிறது. (கூந்தல் பறப்பது மின்விசிறியின் உபயம்.)

பணமுள்ள நிறுவனங்களின் நிலை வேறு. மூன்று அமெரிக்கப் பெண்களின் காதலைச் சொல்லி 1954இல் வெளியான 'த்ரீ காய்ன்ஸ் இன் த ஃபவுன்டன்' ரோம் நகரிலேயே எடுக்கப்பட்டு, ஒளிப்பதிவுக்கும் பாடலுக்கும் ஆஸ்கர் விருதுகளைப் பெற்றது.

கேள்வி: அது என்ன, எப்போதும் மூன்று பெண்கள்? (வாசகர், காத்ர் போர்ன்)

பதில்: ஒரே ஓட்டல் அறை செட்டில் மூன்று காதல் கதைகளை மாற்றி மாற்றி ஓட்டலாம், பெரிய நட்சத்திரம் ஒருவருக்குத் தரவேண்டிய சம்பளத்தில் புதுமுகங்கள் மூவரை அமர்த்திவிடலாம்.

கேள்வி: இத்தகைய படங்களில் உங்களுக்கு உறுத்துவது எது? நான் ஓட்டலில் பணிபுரிபவன். (வாசகர், ஃப்ளாக்)

பதில்: செட்டின் மலிவு என்னை உறுத்துவதில்லை. வந்திறங்கும் பெண்களுக்கு ஆசை, தயக்கம், கோபம் எல்லாம் இருக்க, பெட்டி தூக்குபவருக்கும் பரிமாறுபவருக்கும் புன்னகையைத் தவிர எதையும் தராத கதைதான் உறுத்துகிறது. வெளிநாட்டுப் படக்குழுக்கள் இங்கே செய்யும் செலவில் ஒரு பகுதியைத் திருப்பித் தரும் திட்டத்தை நம் மொரீஷியஸ் அரசு 2013இல் தொடங்கியதிலிருந்து, நம் கடற்கரைகளுக்கும் கேமராக்கள் வருகின்றன. அவற்றின் முன்னால் உங்களைப் போன்றவர்கள் எப்படித் தெரியப்போகிறார்கள் என்பதே என் கவலை. தைப்பூச விடுமுறையன்றும் வேலைக்கு வந்திருக்கும் ஒருவர், காவடி எடுக்க முடியாமற்போன வருத்தத்தை நாயகியிடம் இரண்டு வரியில் சொல்வதற்குத் தயாரிப்பாளர் கூடுதலாக ஒரு ரூபாயும் செலவழிக்க வேண்டியதில்லை.