தலைத் திவசத்துக்கு மகளை அழைக்கலாமா?

கேள்வி: கணவர் இறந்து ஓராண்டு ஆகப்போகிறது. உயில் எழுதவில்லை. மகன் இந்து அமைப்பு ஒன்றில் பொறுப்பில் இருக்கிறான். மகள் கல்யாணத்துக்குப் பிறகு மதம் மாறி பெந்தெகொஸ்தே சபைக்குப் போகிறாள். “மதம் மாறினவளுக்குச் சொத்தும் கிடையாது, திவசத்துக்கும் வரக்கூடாது” என்கிறான் இவன். “படைத்த சாப்பாட்டைத் தொடமாட்டேன்” என்கிறாள் அவள். வாட்ஸ்அப் குரூப்பில் தினமும் சண்டை. நான் யார் பக்கம் நிற்பது?
- வாசகி, திருநெல்வேலி மாவட்டம்

பதில்: அம்மா, இதை மதச் சண்டை என்று எழுதியிருக்கிறீர்கள். பாதி சொத்துச் சண்டை என்றே எனக்குப் படுகிறது. அதை முதலில் பிரித்துவிடுங்கள்.

மதம் மாறியதால் வாரிசுரிமை போகாது என்று 1850-லேயே சட்டம் வந்துவிட்டது. 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டமும் மதம் மாறிய மகளின் பங்கைப் பறிக்கவில்லை. அதன் 26-ஆவது பிரிவு, மதம் மாறிய பின் பிறந்த பிள்ளைகளைப் பற்றியது. அதைத்தான் பலரும் குழப்பிக்கொள்கிறார்கள். கணவர் சுயமாகச் சம்பாதித்த சொத்து என்றால் உங்களுக்கும் பிள்ளைகள் இருவருக்கும் சம பங்கு. மாமியார் உயிரோடு இருந்தால் அவருக்கும் உண்டு. பூர்வீகச் சொத்தின் கணக்கு வேறு, அதை வக்கீலிடம் கேளுங்கள். வாரிசுச் சான்றிதழுக்கு இன்னும் விண்ணப்பிக்கவில்லை என்றால், மகள் பெயரையும் சேர்த்து திவசத்துக்கு முன்பே கொடுத்துவிடுங்கள்.

அந்த வீட்டில் உங்களுக்கும் பங்கு இருக்கிறது. யார் வரலாம், வரக்கூடாது என்று மகன் மட்டும் தீர்மானிக்க முடியாது. மகளை நீங்களே போன் செய்து கூப்பிடுங்கள்.

சாப்பாட்டு விஷயத்தில் இருவருக்குமே உண்மையான வலி இருக்கிறது. படையலை மறுப்பது அப்பாவையே மறுப்பது போல மகனுக்குத் தோன்றுகிறது. மகளுக்கு அது வேதம் விலக்கியது. அப்பா மேல் பாசம் இல்லாததால் அல்ல. படைப்பதற்கு முன்பே அவளுக்குத் தனியாக எடுத்து வைத்துவிடுங்கள். ஒரே பந்தியில், அண்ணனுக்குப் பக்கத்தில் இலை போட்டு நீங்களே பரிமாறுங்கள். அவள் கும்பிட வேண்டாம், திதி முடியும்வரை கூடத்தில் உட்கார்ந்திருந்தால் போதும்.

அவளிடமும் கண்டிப்பாக ஒன்று சொல்லுங்கள்: அன்றைக்கு வரும் சொந்தக்காரர்களிடம் சாட்சி சொல்வதோ ஜெபத்துக்கு அழைப்பதோ கூடாது. மகனிடம், அமைப்புத் தோழர்களை அன்று கூப்பிட வேண்டாம் என்று சொல்லுங்கள். குரூப்பில் அரசியலும் மதமும் பார்வர்டு செய்வதை இருவரும் நிறுத்தாவிட்டால் நீங்கள் வெளியே வந்துவிடுங்கள். பேச வேண்டியவர்கள் உங்களுக்குப் போன் செய்யட்டும்.